சுத்தமாக வந்த கை

புருஷன் சட்டையில் உதட்டுச் சாயத்தைப் பார்த்தால் மற்ற பெண்கள் என்ன பாடுபடுத்துவார்களோ, அதைச் செய்ய எனக்குக் கொடுத்துவைக்கவில்லை. என் வீட்டுக்காரர் சினிமா ஸ்டுடியோவில் மேக்கப் மாஸ்டர். அவர் சட்டையில் சாயம் இல்லாத நாள்தான் அதிசயம். காலரில் நீள முடி ஒட்டியிருந்தால் அது விக்கிலிருந்து உதிர்ந்தது. பவுடர் வாசனை அடித்தால் அது பிழைப்பு. "இன்னிக்கு அந்தப் பொண்ணோட மோவாயைப் பிடிச்சுக்கிட்டு அரை மணி நேரம் உத்துப் பாத்தேன்" என்று சாப்பிட்டுக்கொண்டே அவரே சொல்வார். அதற்குச் சம்பளம் வேறு கொடுக்கிறார்கள். ஊரில் பெண்டாட்டிகளுக்கு என்னென்ன தடயம் உண்டோ அத்தனையையும் இந்தத் தொழில் என்னிடமிருந்து பிடுங்கிக்கொண்டது. சந்தேகத்தை மட்டும் விட்டுவைத்தது.

சந்தேகம் என் கூடப் பிறந்தது. பால்காரன் தண்ணீர் கலக்கிறான் என்பேன். கலக்காத நாளில், இன்றைக்கு ஏன் கலக்கவில்லை என்று யோசிப்பேன். "காமாலைக் கண்ணுக்குக் கண்டதெல்லாம் மஞ்சள்" என்று என் அம்மா தலையில் அடித்துக்கொள்வாள். அடித்துக்கொள்ளட்டும். பால் விஷயத்தில் நான் சொன்னதுதான் சரியாக இருந்தது.

ஆகவே சாயங்காலம் அவர் வந்ததும் வாசலிலேயே சோதனை நடக்கும். சட்டை, காலர், கைக்குட்டை, கடைசியில் இடது கை. அவர் எந்தச் சாயத்தையும் நடிகர் முகத்தில் வைப்பதற்கு முன் தன் இடது முன்கையின் உள்பக்கம் ஒரு கோடு இழுத்துப் பார்ப்பார். மணிக்கட்டில் ஆரம்பித்து முழங்கை வரைக்கும் விரல் அகலத்துக்கு ஒரு கோடு, கொஞ்சம் இடம், மறுபடி ஒரு கோடு. எல்லாம் லேசாகச் சாய்ந்திருக்கும். அந்தக் கோடுகளை வைத்தே அன்றைக்கு யார் முகத்தில் கை வைத்தார் என்று சொல்லிவிடுவேன். சாம்பல் என்றால் கிழவி வேஷம். கரும்பழுப்பு என்றால் வில்லன். மஞ்சளும் பச்சையும் பழுப்புமாக இருந்தால் கதாநாயகி.

கதாநாயகிக்கு ஏன் பச்சை என்று கேட்கலாம். அப்போதெல்லாம் படங்கள் கறுப்பு வெள்ளை. உதட்டில் உண்மையான சிவப்பை வைத்தால் திரையில் கரிக்கட்டையாகத் தெரியும். அதனால் உதட்டுக்குப் பழுப்பு, கன்னத்துக்குப் பச்சை கலந்த மஞ்சள். நேரில் பார்த்தால் ஆஸ்பத்திரியிலிருந்து எழுந்து வந்த மாதிரி இருப்பாள். திரையில் பார்த்தால் ஊரே மயங்கும். எந்தச் சாயம் திரையில் எப்படி விழும் என்று பார்க்க மற்றவர்கள் எல்லாம் ஒரு நீலக் கண்ணாடித் துண்டைக் கண்ணில் வைத்துப் பார்ப்பார்கள். இவருக்கு அந்தக் கண்ணாடி தேவைப்பட்டதே இல்லை. வெறும் கண்ணால் பார்த்தே சொல்லிவிடுவார், அப்படியே திரையில் வரும். "மாஸ்டர் கண்ணுல பிறவியிலேயே கேமரா இருக்கு" என்று முதலாளி விருந்தாளிகளிடம் பெருமையடிப்பார். ஸ்டுடியோவுக்குப் பின்னாலிருந்த வரிசை வீடுகளில் காற்றோட்டமான வீடு எங்களுக்குக் கிடைத்தது அந்தக் கண்ணால்தான்.

பிறகு கலர் வந்தது. அடுத்த படம் முழுக்கக் கலர் என்று முதலாளி அறிவித்துவிட்டார். வெளிநாட்டில் படித்த புதுக் கேமராக்காரர் ஒருவர் வந்து இறங்கினார். வெள்ளிக்கிழமை டெஸ்ட். கதாநாயகிக்குக் கலர் மேக்கப் போட்டு, விளக்குகளுக்கு நடுவில் உட்காரவைத்து, கொஞ்சம் படம் பிடித்து, பிலிமைக் கழுவிப் பார்ப்பார்கள். சரியாக வந்தால் இவர் மாஸ்டராக இருப்பார். வராவிட்டால் வெளியிலிருந்து கலர் தெரிந்த ஆள் வருவான். மேக்கப் அறையும் அவனுக்கு, எங்கள் வீடும் அவனுக்கு. இத்தனையையும் செருப்பைக் கழற்றிக்கொண்டே, கரண்ட் போனதைச் சொல்வது போலச் சொன்னார்.

அதிலிருந்துதான் கை சுத்தமாக வர ஆரம்பித்தது. ஒரு கோடு இல்லை, ஒரு புள்ளி இல்லை. சோப்புப் போட்டுத் தேய்த்த சிவப்பும் இல்லை. கழுவின கைக்கும் சாயமே படாத கைக்கும் வித்தியாசம் தெரியாதவளா நான்?

"என்னங்க, கையில ஒண்ணையும் காணோம்?"

"டெஸ்ட் வேலை இன்னும் ஆரம்பிக்கலை."

அடுத்த வீட்டில் உடை தைக்கும் மாஸ்டரின் மனைவி குடியிருந்தாள். தையல்காரி என்றுதான் எல்லோரும் கூப்பிடுவோம், ஊசியைத் தொட்டதே இல்லை என்றாலும். அவளுக்கு வாய்தான் ஊசி. மறுநாள் துணி உலர்த்தும்போது பக்கத்தில் வந்து நின்றாள்.

"அக்கா, நான் சொன்னேன்னு சொல்லிடாதீங்க."

இப்படி அவள் ஆரம்பித்தால் ஊருக்கெல்லாம் சொல்லிவிட்டுக் கடைசியாக நம்மிடம் வந்திருக்கிறாள் என்று அர்த்தம்.

"புதுசா ஒரு முடிக்காரி வந்திருக்கா தெரியுமா? நடிகைங்களுக்குத் தலை வாரி விக் வெக்கிறவ. புருஷன்கிட்ட இருந்து விலகி வந்தவளாம். மத்தியான சாப்பாட்டு நேரத்துல மாஸ்டரும் அவளும் விக் ரூம்ல. கதவைச் சாத்திக்கிட்டு. ஒரு வாரமா."

"விக் ரூம்லயா? டெஸ்ட் வேலையா இருக்கும்."

"டெஸ்ட் வேலை ஒரு வாரமா மேக்கப் ரூம்ல நடக்குது. எங்க வீட்டுக்காரரு துணி கொண்டுபோய்க் கொடுத்துட்டுதான வர்றாரு. விக்குக்கு எதுக்குக்கா மேக்கப்?"

டெஸ்ட் ஆரம்பிக்கவே இல்லை என்று என்னிடம் சொன்னவர் என் புருஷன். நெருப்பில்லாமல் புகையாது. அன்று துணியை முறுக்கிப் பிழிந்ததில் ஒரு சட்டையின் தையலே விட்டுப்போயிற்று.

வியாழக்கிழமை மத்தியானம் சாப்பாட்டு கேரியரைத் தூக்கிக்கொண்டு நானே ஸ்டுடியோவுக்குப் போனேன். "மாஸ்டர் காலையில கேரியர் கொண்டுவந்தாரேம்மா" என்றான் வாசல் காவல்காரன். "அது பத்தாது" என்றேன். விக் அறை நடைபாதையின் கடைசியில். கதவு சாத்தியிருந்தது, தாழ் போடவில்லை. தள்ளினேன்.

சுவரோரம் மரத் தலைகள் வரிசையாக விக் மாட்டிக்கொண்டு நின்றன. ஒரு துணிப் பலகையில் மீசைகளைக் குண்டூசி குத்தி வைத்திருந்தார்கள். பசை வாடை மூக்கில் ஏறியது. ஜன்னலோர மேஜைக்கு அந்தப் பக்கம் அவள், இந்தப் பக்கம் இவர். அவள் சட்டைக் கை முழங்கைக்கு மேல் மடித்திருந்தது. அவளுடைய மணிக்கட்டை இவர் பிடித்திருந்தார். அவள் முன்கையின் உள்பக்கம் கோடுகள். விரல் அகலத்துக்கு ஒரு கோடு, கொஞ்சம் இடம், மறுபடி ஒரு கோடு. எல்லாம் லேசாகச் சாய்ந்து.

இருவரும் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றிருந்தால்கூட எனக்கு அவ்வளவு வலித்திருக்காது. அதற்கு என்ன சொல்வது, என்ன எறிவது என்று பல வருஷமாகத் தயாராக இருந்தவள் நான். இதற்குத் தயாராக இல்லை. அந்தக் கோடுகள் சாயங்காலம் என் வாசலுக்கு வரவேண்டியவை.

"நல்லா இருக்கு" என்றேன். "கை மாத்தியாச்சா?"

இவர் எழுந்தார். கையும் களவுமாக மாட்டிய முகம்தான். அதில் எனக்குக் கொஞ்சம் திருப்திகூட வந்தது.

அந்தப் பெண்தான் பேசினாள். "அக்கா, உட்காருங்க. அண்ணே, சொல்லிடுங்க. நீங்க சொல்லாட்டி நான் சொல்லிடுவேன்."

"அண்ணனா? அண்ணன்னு கூப்பிட்டா ஆச்சா?"

"உங்க வீட்டுக்காரருக்குக் கலர் தெரியாதுக்கா."

நான் சிரித்துவிட்டேன். "கலரைத் தொட்டே காலமெல்லாம் சம்பாதிச்ச மனுஷனுக்கா?"

"கறுப்பு வெள்ளைப் படத்துக்குக் கலர் எதுக்குக்கா? எது வெளுப்பு, எது கறுப்பு, எது நடுவுல. அது அவருக்கு யாரையும்விட நல்லாத் தெரியும். சிவப்பு, பச்சை, பழுப்பு மூணும் அவருக்கு ஒண்ணுதான். போன வாரம் கதாநாயகிக்கு முதல் ஒத்திகை. உதட்டுக்கு ரோஸ் வெக்கிறதுக்குப் பதிலா பழுப்பைத் தடவினாரு. பழைய பழக்கம்னு நினைச்சேன். அடுத்து கன்னத்துக்குப் பச்சையைத் தொட்டாரு. யாரும் வர்றதுக்குள்ள ஓடிப் போய் துடைச்சு விட்டேன்."

"அதுக்கு உன் கையில எதுக்குக் கோடு?"

"அவர் கையில போட்டா புதுக் கேமராக்காரரு புடிச்சுப் பாத்து, 'மாஸ்டர், இதுல எது ரோஸ்?'னு கேக்குறாரு. முதல் நாள் கேட்டப்போ வேற யாரோ கூப்பிட்டதால தப்பிச்சாரு. அதுல இருந்து கையில எதையும் போடுறதே இல்ல."

இவர் மேஜையில் திறந்து கிடந்த சாய டப்பாக்களைப் பார்த்துக்கொண்டு நின்றார். நான் நம்பவில்லை. சினிமாக்காரர்களுக்குக் கதைக்கா பஞ்சம்? எழுதுகிறவன் நாலு பேர் அடுத்த கட்டடத்திலேயே உட்கார்ந்திருக்கிறான்.

"கலர் சொல்லிக்கொடுக்க மணிக்கட்டைப் புடிக்கணுமோ?" என்றேன்.

அந்தப் பெண் முகம் வெளிறிப்போயிற்று. மேக்கப் கலைக்கிற கோல்டு கிரீமை விரலால் அள்ளி முன்கை முழுக்கப் பூசினாள். துணியை எடுத்து ஒரே இழுப்பில் அத்தனை கோட்டையும் துடைத்தாள். "இனிமே நீங்களே சொல்லிக் கொடுங்க" என்று சட்டைக் கையை இறக்கிவிட்டுக்கொண்டு போய்விட்டாள்.

"போதுமா?" என்றார் இவர்.

போதவில்லை. அன்று சாயங்காலம் அவர் வந்ததும் சட்டையை விட்டுவிட்டேன், தையல் பெட்டியைக் கொண்டுவந்து முன்னால் வைத்தேன்.

"சிவப்பு நூலை எடுங்க."

வெகுநேரம் பார்த்தார். ஒரு நூல்கண்டை எடுத்து நீட்டினார். கரும்பச்சை. நடிக்கிறாரா என்று முகத்தை உற்றுப் பார்த்தேன். பிறகு இரண்டு தக்காளியைக் கொண்டுவந்தேன், ஒன்று காய், ஒன்று பழம். தொட்டுப் பார்த்துப் பழத்தைச் சரியாக எடுத்துக்கொடுத்தார். அகப்பட்டார் என்று எனக்குள் ஒரு குதிப்பு.

"இது மட்டும் எப்படித் தெரிஞ்சுது?"

"அமுக்கிப் பாத்தேன். காய் கெட்டியா இருக்கும்."

இரண்டையும் பிடுங்கி, கைக்கு ஒன்றாகத் தூக்கித் தள்ளி நின்று பிடித்தேன். "இப்ப சொல்லுங்க."

அவர் இரண்டையும் மாறி மாறிப் பார்த்தார். மேலுதட்டில் வியர்த்தது. வாய் பொய் சொல்லும், கண்கூடச் சொல்லும். வேண்டும்போது வியர்க்க யாராலும் முடியாது. நான் தக்காளிகளைக் கீழே வைத்துவிட்டு உட்கார்ந்துவிட்டேன்.

துணி எடுக்கக் கடைக்குப் போனால் "உனக்கு எது புடிக்குதோ எடு" என்பார். நான் உடுத்துவதில் அவருக்கு அக்கறை இல்லை, அக்கறை வேறெங்கோ இருக்கிறது என்று நினைத்தேன். பழம் வாங்கி வந்தால் பாதி காயாக இருக்கும். பழக்கடைக்காரியோடு பேச்சு மும்முரத்தில் பார்க்காமல் வாங்கினார் என்று நினைத்தேன். ஒருமுறை எனக்கு ஆசையாக ஒரு ரிப்பன் வாங்கிவந்து, நான் நிறத்தைப் பற்றி ஏதோ சொன்னதும் வாடிப்போனார். அது வேறு யாருக்கோ வாங்கியது என்று நினைத்தேன். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்திருக்கிறார் மனுஷர். நான் பக்கத்திலேயே உட்கார்ந்து அதே இலையில் வேறு எதையோ தேடிக்கொண்டிருந்திருக்கிறேன்.

"ஏங்க என்கிட்ட சொல்லலை?"

"எப்படிச் சொல்றது? தினம் வாசல்லயே நிறுத்தி ஏதாவது கிடைக்குமான்னு பாக்குற. நானா ஒண்ணை எடுத்துக் கையில குடுப்பேனா?"

"அவகிட்ட மட்டும் சொல்லலாமா?"

"அவகிட்ட நான் சொல்லல. அவளாப் பாத்தா."

வந்து மூன்று மாதம் ஆகாதவள் பார்த்துவிட்டாள். எனக்கு அழுகை வந்தது. அழுதால் தோற்றுவிடுவோம் என்று கோபப்பட்டேன். "சரி, டப்பாவை எல்லாம் எடுங்க. நான் சொல்றேன்" என்றேன்.

கலர் படத்துக்கென்று ஸ்டுடியோவிலேயே அரைத்துக் கலந்த சாயங்கள் அவை. எல்லாம் ஒரே மாதிரிக் கண்ணாடி டப்பா, பெயர் எதுவும் ஒட்டவில்லை. நிறம் பார்த்தாலே தெரியும் என்று நினைத்திருப்பார்கள். அவர் பெட்டியைத் திறந்து வரிசையாக வைத்தார். மூடியின் அடியில் ஆணியால் கீறிக்கொள்வது அவருடைய யோசனை. சிவப்புக்கு ஒரு கீறல், ரோஸுக்கு இரண்டு, பழுப்புக்கு மூன்று, பச்சைக்குக் குறுக்கே ஒன்று. விரலால் தடவினால் தெரியும், வேறு யார் கண்ணுக்கும் படாது.

ஆணியைக் கையில் எடுத்தவர் அப்படியே நிறுத்திவிட்டார். என் முகத்தைப் பார்த்தார். கண், வாய், மறுபடி கண். அந்தப் பார்வை எனக்கு நன்றாகத் தெரியும். அது என்னுடையது.

"சரியாச் சொல்லுவியா?"

"என்ன கேள்வி இது?"

"கோவத்துல இருக்க. நீ எதைச் சொன்னாலும் எனக்கு அதுதான் சிவப்பு."

எனக்குச் சுரீரென்றது. முதல் டப்பாவை எடுத்து "சிவப்பு" என்றேன். கீறினார். "பச்சை" என்றேன். கீறினார். மஞ்சளையும் வெள்ளையையும் கேட்காமல் அவரே ஒதுக்கி வைத்தார், அவை அவருக்குத் தெரியும்.

கடைசியில் இரண்டு மிஞ்சின. ஒன்று ரோஸ், ஒன்று பழுப்பு. ரோஸ் என் கையில் இருந்தது. மாற்றிச் சொன்னால் போதும். நாளைக்கு எல்லோருக்கும் முன்னால், அத்தனை விளக்கு வெளிச்சத்தில், கதாநாயகி உதட்டில் சேற்றை அப்பியதுபோல் இருக்கும். இவர் கதை முடியும். வீடு போகும், போகட்டும், அந்த விக் அறையும் சேர்ந்துதானே போகும். அவள் முன்கையில் இருந்த கோடுகள் கண்ணுக்கு முன்னால் வந்து நின்றன. தேவைக்கு மேலே கொஞ்ச நேரம் அந்த டப்பாவைப் பிடித்துக்கொண்டிருந்தேன். அவர் ஆணியோடு காத்திருந்தார்.

"ரோஸ்" என்றேன். ரோஸ்தான் அது. அவர் இரண்டு முறை கீறினார்.

வெள்ளிக்கிழமை டெஸ்ட் தேறியது என்பதையும், அதற்குப் பிறகு எத்தனையோ கலர் படங்களில் அவர் பெயர் வந்தது என்பதையும் ஊரே சொல்லும். நான் சொல்ல வேண்டியது அன்று காலையில் நடந்ததை.

பெட்டியை எடுத்துக்கொண்டு கிளம்பினார். நான் ஜன்னலில் நின்றேன். ஸ்டுடியோ கேட் வலது பக்கம். அவர் நேராகத் தெருவைத் தாண்டி எதிர்வரிசைக்குப் போனார். கடைசி வீட்டுக் கதவைத் தட்டினார். முடிக்காரி பாதி வாரிய தலையோடு வெளியே வந்தாள். இவரைப் பார்த்ததும் கதவைச் சாத்தப் போனாள். இவர் என்னவோ சொன்னார். அவள் நின்றாள். இவர் பெட்டியைப் படியில் வைத்துத் திறந்து, டப்பாக்களை ஒவ்வொன்றாக எடுத்து மூடியைத் திருப்பிக் காட்டினார்.

நான் சொன்னதை அவளிடம் சரிபார்க்கிறார்.

ஓடிப்போய் அந்தப் பெட்டியைத் தெருவில் கவிழ்க்கலாம் போலிருந்தது. கட்டின பெண்டாட்டி வார்த்தைக்கு எதிர்வரிசைக்காரி சாட்சியா? கதவு வரைக்கும் போனேன். அங்கே கால் நின்றுவிட்டது. அந்த ரோஸ் டப்பாவை நான் எவ்வளவு நேரம் கையில் வைத்திருந்தேன் என்பது எனக்குத் தெரியும். அவர் சந்தேகப்பட்டதில் தப்பில்லை என்று உலகத்திலேயே எனக்கு ஒருத்திக்குத்தான் தெரியும். திரும்பி ஜன்னலுக்கு வந்தேன்.

அவள் கடைசி இரண்டு டப்பாக்களையும் வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்துக்கொண்டிருந்தாள். வெகுநேரம் பார்த்தாள். உண்மையைச் சொன்னவளுக்கு என்ன பயம் என்பார்கள். சந்தேகக் கண்ணுக்கு எதிரே நின்று பார்த்தால்தான் தெரியும், உண்மை சொன்னவளுக்கும் பயம்தான். இத்தனை வருஷமும் தினம் தினம் சாயங்காலம் வாசலில் கையை நீட்டிக்கொண்டு அவர் இப்படித்தான் நின்றிருக்கிறார்.

அவள் டப்பாக்களை மூடி அவர் கையில் கொடுத்தாள். நிமிர்ந்து எங்கள் ஜன்னலைப் பார்த்தாள். நான் நேற்று சொன்ன சொல்லுக்கு அவள் என்ன வேண்டுமானாலும் சொல்லியிருக்கலாம். ஒரே ஒரு டப்பாவைக் காட்டி, இல்லையென்று தலையை ஆட்டியிருந்தால் போதும், அவர் அதைத்தான் நம்பியிருப்பார். தெருவே கேட்கிற மாதிரி கத்தினாள்:

"அக்கா! எல்லாம் சரியா இருக்கு!"

ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நான் அழுதேன். தினமும் வாசலில் நிறுத்தி அவரைச் சோதித்திருக்கிறேன். ஒரு நாளும் எதுவும் கிடைத்ததில்லை. அந்த வார்த்தையை ஒரு நாளாவது நான் அவரிடம் சொன்னதில்லை.